ஆறாம் எண் சட்டை

“அந்தப் படத்தை இறக்குங்க அண்ணி, இன்னிக்காவது இறக்கு—”

“கையை எடுடி.”

“உசிரோட இருக்கிற மனுஷனுக்கு யாராவது ஊதுபத்தி கொளுத்துவாங்களா?”

“உசிரோட இருக்கார்னு நீ பாத்தியா? ரேடியோவுல ஒரு பேரைச் சொன்னான், அவ்வளவுதானே? இந்தக் கடற்கரையில தோவான்னு கூப்பிட்டா பத்துப் பேர் திரும்பிப் பாப்பான்.”

“நம்ம ஊர்ல, குய்ஞோன்ல பொறந்தவர்னும் சொன்னானே!”

“சொல்லுவான். நான் இறக்கி வெச்சு, அது அவர் இல்லேன்னா? ரெண்டாவது தடவை அவரைச் சாகடிச்சது நானா இருக்கும்.”

“அவராவே இருந்து, இந்த வாசல்ல வந்து நின்னு, தன் முகத்துக்கு முன்னாடி புகையறதைப் பாத்தா?”

“வரட்டும். அவரே இறக்கட்டும்.”

மியென் அண்ணி அப்படித்தான். பேச்சை முடிப்பதற்கென்றே ஒரு வாக்கியம் வைத்திருப்பாள். தோளில் கிடந்த துண்டால் படத்தின் கண்ணாடியை ஒருமுறை துடைத்துவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள்.

படத்தில் என் அண்ணன் தோவானுக்கு இருபத்திரண்டு வயது. இடது புருவம் சற்றே ஏறியிருக்கும், யாரோ சொல்லும் பொய்யைக் கேட்டுக்கொண்டிருப்பதுபோல. கல்யாணத்துக்காக எடுத்த படம். கல்யாணமான கொஞ்ச நாளிலேயே நாட்டை இரண்டாகப் பிரித்துவிட்டார்கள். வடக்கின் பக்கம் நின்று போராடிய எங்கள் ஊர் ஆண்கள், அண்ணனும் சேர்த்து, இந்தத் துறைமுகத்தில்தான் வடக்கே போகும் கப்பலில் ஏறினார்கள். கப்பல் நகர்ந்தபோது அத்தனை பேரும் இரண்டு விரலைத் தூக்கிக் காட்டினார்கள். இரண்டே வருடம், தேர்தல் நடந்ததும் வந்துவிடுவோம் என்று. கரையில் நின்ற அண்ணியும் இரண்டு விரலைத் தூக்கினாள். பக்கத்தில் நான், சிறுமி, விளையாட்டென்று நினைத்து நானும் தூக்கினேன். பிறகு எல்லையை மூடிவிட்டார்கள். சண்டை நடந்துகொண்டிருந்தபோது வடக்கிலிருந்து நடந்தே வந்த ஒருவன், பாலத்தின்மேல் குண்டு விழுந்ததில் தோவான் போய்விட்டார் என்றான். அண்ணி அழவில்லை. படத்தை முன்னோர் படையல் மேடையில் வைத்தாள். அவன் சொன்ன நாளை வருடா வருடம் நினைவு வைத்து, சோறும் பொரித்த மீனும் படைத்தாள்.

சண்டை முடிந்ததும் வடக்கே போனவர்கள் ஒவ்வொருவராகத் திரும்பி வந்தார்கள். எங்கள் தெருவுக்கும் இரண்டு பேர் வந்தார்கள். எங்கள் வீட்டுக்கு வரவில்லை. செத்தவர் எப்படி வருவார்? அப்புறம் முதல் தேசியக் கால்பந்து லீக் ஆரம்பித்த வருடம் வந்தது. வடக்குக்காரர்கள் தெற்கே வந்து ஆடப்போகிறார்கள் என்று ஊரே ரேடியோவைச் சுற்றி உட்கார்ந்திருந்தது. வடக்கின் அச்சகத் தொழிலாளர் அணியைப் பற்றிச் சொல்லிக்கொண்டு வந்தவன், கடைசியில், போகிற போக்கில், ஆட்டக்காரர்களுக்கு அடிபட்டால் பார்த்துக்கொள்பவர் பெயரையும் ஊரையும் சொன்னான். அண்ணி கையிலிருந்த கீரைக்கட்டைக் கீழே வைத்தாள். மறுபடி எடுத்துக்கொண்டாள்.

அன்று அந்த அணி எங்கள் ஊரில் ஆடவிருந்தது. ஆட்டம் முடிந்ததும் ரயிலேறிவிடும்.

அவள் வரமாட்டாள் என்றே நினைத்தேன். ஆனால் அடுப்படியில் எட்டிப் பார்த்தபோது பானையில் வெறும் அரிசி கொதித்துக்கொண்டிருந்தது. ரேஷன் காலம் அது. படையல் நாளைத் தவிர மரவள்ளி கலக்காமல் எந்த வீட்டிலும் சோறு வடித்ததில்லை. அண்ணி பானையைத் துணியால் சுற்றி வைத்துவிட்டு, “கிளம்பு, இடம் கிடைக்காது,” என்றாள்.

மைதானத்தில் கூட்டம் கோட்டுக்குப் பக்கத்தில் கட்டிய கயிறு வரைக்கும் வழிந்தது. நாங்கள் கயிற்றை ஒட்டிப் புல்லில் உட்கார்ந்தோம். வடக்கு அணியின் பெஞ்ச் எதிர்ப் பக்கத்தில், வெயிலில், முகம் எதுவும் தெரியவில்லை. அண்ணி அந்தப் பக்கமே பார்க்கவில்லை. வடக்கு அணியில் ஆறாம் எண் சட்டை போட்டவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் ஓடினால் அவள் கழுத்தும் திரும்பியது. அவன் அடித்த பந்து கம்பத்துக்கு வெளியே போனபோது, “ஐயோ,” என்றாள் வாய்விட்டு.

பின்னாலிருந்து சைக்கிள் ரிக்‌ஷாக்காரன் ஒருவன் குனிந்தான். “என்னக்கா, வடக்கத்தியான் கோலைத் தவற விட்டா உங்களுக்கு வலிக்குது? நம்ம ஊர் அரிசிதானே திங்கிறீங்க?”

“அரிசியா?” அண்ணி திரும்பாமலே கேட்டாள். “உங்க வீட்டுல அரிசியா போடறாங்க? அட்ரஸ் சொல்லு, ராத்திரி வர்றேன்.”

சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். அண்ணி சிரிக்கவில்லை. என் மணிக்கட்டைப் பிடித்தாள்.

“ஹுவே, எனக்குப் பைத்தியம் பிடிச்சிருச்சா? அந்த ஆறாம் நம்பரை நல்லாப் பாரு.”

பார்த்தேன். இடது புருவம் ஏறியிருந்தது.

படத்திலிருந்து இறங்கி வந்து வேர்த்து நிற்கிற மாதிரி இருந்தான். இருபத்தைந்து வருடமாக அவள் மனசுக்குள் ஒரு மயிரும் நரைக்காமல் வைத்திருந்த முகம், அதே வயதில், சேற்றுக் காலோடு எங்கள் முன்னால் ஓடிக்கொண்டிருந்தது. எனக்கு உடனே புரிந்துவிட்டது, அண்ணனுக்கு வடக்கில் இன்னொரு குடும்பம் இருக்கிறதென்று. அவளுக்கும் புரியாமலா இருக்கும்? ஆனால் அவள் கண்ணில் அப்போது இருந்தது கோபமில்லை. கண்ணாலேயே அவனைத் தொட்டுக்கொண்டிருந்தாள்.

இடைவேளைக்குப் பிறகு எங்கள் ஊர்ப் பையன் ஒருவன் இடித்ததில் அவன் சுருண்டு விழுந்தான். கயிற்றுக்கு அந்தப் பக்கம், கை நீட்டினால் எட்டும் தூரத்தில். மைதானத்தைக் குறுக்கே கடந்து ஒரு கிழவர் வாளியும் துண்டுமாக ஓடிவந்தார். பார்வைக்குக் கிழவர்தான். தலை முழுக்க வழுக்கை, ஒரு கால் இழுத்தது. மண்டியிட்டு அவன் முழங்காலில் ஈரத்துண்டை வைத்து அழுத்தினார்.

“விடுங்கப்பா, ஒண்ணுமில்ல,” என்றான் அவன் வடக்கத்திப் பேச்சில்.

“சும்மா இருடா. மடக்கு. இன்னும் மடக்கு.”

குரல் மட்டும் மாறவேயில்லை. அவர் தலையைத் தூக்கினார். அண்ணியைப் பார்த்தார். துண்டிலிருந்து தண்ணீர் சொட்டியது.

“மியென்?”

அண்ணி அவருக்கு நேராக உட்கார்ந்திருந்தாள்.

“பிள்ளைக்கு வலிக்குது,” என்றாள். “முதல்ல அதைப் பாருங்க.”

அவர் பார்த்தார். கட்டுப் போட்டார். பையன் எழுந்து, இரண்டு எட்டு நொண்டி, ஓடினான். நடுவர் விசில் ஊதி, கிழவரை வெளியே போகச் சொல்லிக் கையை ஆட்டினார். அண்ணன் வாளியைத் தூக்கிக்கொண்டு, எங்களைத் திரும்பித் திரும்பிப் பார்த்தபடியே எதிர்ப் பக்கம் போனார். இந்த முறை விரல் எதையும் தூக்கிக் காட்டவில்லை. பெஞ்சுக்குப் போன பிறகும் உட்காராமல், ஆட்டத்தைப் பார்க்காமல், இந்தப் பக்கம் பார்த்தே நின்றார்.

யாரோ கோல் போட்டார்கள். ஊரே எழுந்து கத்தியது. நாங்கள் இரண்டு பேர் மட்டும் அத்தனை கால்களுக்கு நடுவில் உட்கார்ந்திருந்தோம். அவள் காதருகே குனிந்து கேட்டேன்.

“அண்ணி, நான் முன்னாடி ஓடிப்போய் அந்தப் படத்தை இறக்கிட்டு, ரெண்டு கிண்ணம் கூட எடுத்து வைக்கட்டுமா?”