பன்னிரண்டு பேருக்கு வடித்த சோறு

1

இந்தக் கதை ஒரு சோற்றுக் குண்டானைப் பார்த்ததில் தொடங்கியது. இன்று விடிந்ததும் செல்லி தன் வாசலில் பன்னிரண்டு பேருக்கு உலை வைத்தாள். அவள் வீட்டில் இருப்பதோ அவள் ஒருத்திதான்.

முதலில் இப்படி ஆரம்பித்தேன்: ‘ஜவ்வாது மலைமேல் கருமேகம் மெல்ல இறங்கி வந்து...’ (அடித்துவிட்டேன். மழையை அழகாகச் சொல்ல இன்று மனசில்லை.)

நேராகவே சொல்கிறேன். மலைக்குக் கீழே ஒரு நிதி நிறுவனம் போன வருஷம் கதவைச் சாத்தியது. இந்த ஊரில் பன்னிரண்டு வீட்டுப் பணத்தை அதில் கட்ட வைத்தவள் செல்லி.

2

முதல் பிரதியில் அவளைத் திருடியாக்கினேன். எழுதச் சுகமாக இருந்தது. ஆனால் திருடி தன் புளி விற்ற காசையும் அங்கேயே கொண்டுபோய்ப் போடுவாளா? பாத்திரம் நிற்கவில்லை.

(வெளியூர்க்காரர்களுக்கு ஒரு குறிப்பு: இங்கே சாமை அறுப்புக்குக் கூலி கிடையாது. என் அறுப்புக்கு நீ, உன் அறுப்புக்கு நான். வீட்டுக்கு ஓர் ஆள். சோறு மட்டும் நிலத்துக்காரர் பொறுப்பு.)

பணம் போன பிறகும் செல்லி பன்னிரண்டு வீட்டு அறுப்புக்கும் போனாள். யாரும் கூப்பிடவில்லை, முகம் கொடுத்துப் பேசவில்லை. ஓரமாக நின்று அறுத்துவிட்டுச் சாப்பிடாமல் திரும்பினாள். இப்போது அவளுடைய சாமை முற்றி நிற்கிறது. ஒரு மழை அடித்தால் மணியெல்லாம் உதிர்ந்துவிடும். வருஷத்துச் சோறு அதுதான்.

நேற்று வீடு வீடாகப் போய்ச் சொன்னாள். மேல்வீட்டு முனிசாமி கதவைத் திறக்காமலே, எங்கள் பணம் வரட்டும், அப்புறம் ஆள் வரும் என்றார்.

“பணத்துக்கு நான் இன்னா பண்ணுவேன் மாமா? உங்க அறுப்புக்கு வந்தேனே, அதுக்காவது ஒரு ஆளு அனுப்புங்க.”

3

முடிவு ஒன்று: பன்னிரண்டு பேரும் அரிவாளோடு வந்து சேர்ந்தார்கள். (பொய். மணி ஒன்பதாகிறது, ஒருவரும் வரவில்லை.)

முடிவு இரண்டு: மழை முந்திக்கொண்டது. செல்லி... (கை வரவில்லை.)

ஒன்றை மறைத்துவிட்டேன். முனிசாமி என் கணவர். போனது எங்கள் மகளின் நர்சிங் படிப்புக்கு வைத்திருந்த பணம். அவள் இப்போது திருப்பூரில் பனியன் மடிக்கிறாள். செல்லிமேல் எனக்கு ஆத்திரம் இன்னும் தீரவில்லை. போன வாரம் எங்கள் நிலத்தில் அவள் குனிந்து அறுத்ததையும் மறக்க முடியவில்லை.

இங்கிருந்தே தெரிகிறாள். தனியாக அறுத்துக்கொண்டிருக்கிறாள். குண்டான் மூடியபடி இருக்கிறது. மேகம் முகட்டைத் தாண்டிவிட்டது.

காற்று பலமாக அடிப்பதால், என் அரிவாளைத்தான் தாளின்மேல் பாரமாக வைத்து எழுதுகிறேன். அதை எடுத்தால் கதை பறந்துவிடும். இது உங்கள் கைக்கு வந்திருப்பதை வைத்து, நான் எழுந்து போகவில்லை என்று முடிவு கட்டிவிடாதீர்கள். பறந்து வந்த தாளை யாராவது பொறுக்கிக் கொடுத்திருக்கலாம்.