கில்டரா ரேடியோவின் கடைசி அறிவிப்பு

வெள்ளிக்கிழமை மாலை ஆறு மணியோடு கில்டரா ரேடியோவின் கதை முடிகிறது என்று ஊருக்கே தெரியும். ஆறு அடித்ததும் டப்ளினில் இருக்கும் ஒரு கம்ப்யூட்டர் அலைவரிசையைப் பிடுங்கிக்கொள்ளும். பெயர் அதே, எண் அதே. பேசப்போகிறவன்தான் கில்டரா எந்தத் திசையில் இருக்கிறதென்றே தெரியாதவன். பாட்டுப் போடுவான், சோபா விளம்பரம் போடுவான். ஊரில் யார் இறந்தார்கள் என்று மட்டும் சொல்லமாட்டான்.

அங்கே அறிவிப்பாளராக இருந்த நோரீன் மெக்கின்லிக்கு வேலை போகிறதே என்ற கவலையெல்லாம் இல்லை. காலையில் அவள் கோட்டை மாட்டிக்கொண்டிருந்தபோது கணவன் மேனஸ் சமையலறை வாசலை அடைத்துக்கொண்டு நின்றான். "இன்னைக்கு நம்ம பையன் பேரைப் படிச்சிரு, நோரீன். நாளைக்குப் படிக்க ஆளில்ல" என்றான். அவள் அவனை ஒதுக்கிக்கொண்டு வெளியே வந்து காரை எடுத்தாள்.

ரேடியோ தொடங்கியதே திருட்டுத்தனமாகத்தான். எண்பதுகளில் டெக்லன் ரோச் தன் அப்பாவின் ரொட்டிக்கடை மாடியில் ஒரு பிஸ்கட் டப்பாவுக்குள் டிரான்ஸ்மிட்டரை அடைத்து, புகைபோக்கியில் கம்பியைக் கட்டி ஆரம்பித்தான். லைசென்ஸ் என்ற பேச்சே இல்லை. தலைநகரிலிருந்து அதிகாரிகள் தேடி வந்தபோது, ரேடியோவா, இங்கேயா என்று தெரு முழுக்க ஒரே வாயாகச் சாதித்தது. டெக்லனின் அப்பா அவர்களுக்குச் சூடாக ரொட்டி கொடுத்து வழியனுப்பிவைத்தார். நோரீன் அப்போது கடையில் மாவு பிசைய வந்தவள். குரல் நன்றாயிருக்கிறதென்று டெக்லன் அவளை மாடிக்கு இழுத்துக்கொண்டு போனான். அதன்பிறகு அவள் மாவைத் தொடவே இல்லை.

ஒரு நாள் மழையில் நனைந்து ஒரு விவசாயி மாடியேறி வந்தார். மனைவி இறந்துவிட்டாள், செவ்வாய்க்கிழமை அடக்கம், ஊர்ப் பத்திரிகையோ வியாழக்கிழமைதான் வரும், சொந்தபந்தத்துக்கு எப்படிச் சொல்வது என்று கேட்டார். நோரீன் பாட்டைப் பாதியில் நிறுத்திவிட்டுச் சொன்னாள். அடக்கத்தன்று தேவாலயத்தில் நிற்க இடமில்லை. அன்று தொடங்கியதுதான் மரண அறிவிப்பு. தினமும் மாலையில் பெயர், எந்தப் பக்கத்து ஆள், யாரையெல்லாம் விட்டுப் போனார், உடல் எங்கே, அடக்கம் எப்போது. அந்த நேரத்தில் இறைச்சிக்கடையில் கத்தி நிற்கும், மதுக்கடையில் வாய்கள் மூடும். பிற்பாடு லைசென்ஸ் வந்தது, நல்ல கட்டடம் வந்தது. அறிவிப்பு மட்டும் மாறவில்லை. பட்டியல் நீண்டுபோனால் ஆறு மணிச் செய்தி காத்திருக்கும். இறந்தவர்களைப் பாதியில் வெட்டக்கூடாது என்பதில் டெக்லன் பிடிவாதக்காரன்.

இன்னொரு சட்டமும் உண்டு. அது நோரீன் போட்டது. மதுக்கடையிலிருந்து விரட்டப்பட்ட ஒரு குடிகாரன் கடைக்காரரே இறந்துவிட்டதாக ரேடியோவுக்குப் போன் செய்ய, அவளும் நம்பிப் படித்துவிட, அந்த மனிதர் தன் சாவைத் தானே கேட்டுவிட்டு மலர்வளையத்தோடு வந்தவர்களைக் கண்டபடி திட்டி அனுப்பினார். அதிலிருந்து, சவ அடக்கம் செய்யும் பார்ட்லி கீவனி வாயிலிருந்து வந்தால்தான் சாவு. பெற்ற தாயே வந்து சொன்னாலும் படிக்கமாட்டாள்.

பிப்ரவரியில் அவள் மகன் கோர்மாக் நண்டுப் படகில் போனான். மூன்று பேர் போனார்கள், படகு திரும்பவில்லை, இரண்டு பேரின் உடலை மட்டும் கடல் திருப்பிக் கொடுத்தது. அந்த இரண்டு பையன்களும் நோரீனின் சமையலறையில் சாப்பிட்டு வளர்ந்தவர்கள். அவர்களுடைய அறிவிப்பையும் அவள்தான் படித்தாள். குரல் கொஞ்சமும் பிசகவில்லையே, என்ன நெஞ்சுரம் என்று ஊர் பேசியது. நெஞ்சுரமாவது ஒன்றாவது. பிசகினால் மூன்றாவது பெயரும் வாயில் வந்துவிடும் என்ற பயம்.

அதற்கப்புறம் ஊர் அவர்களைக் கண்டால் ஒதுங்கியது. கெட்ட எண்ணமில்லை. அறிவிப்பு வராத வீட்டுக்கு என்ன சொல்லிக்கொண்டு போவது? கைகொடுத்துத் துக்கம் சொன்னால் நம்பியிருப்பவளின் முகத்தில் அடித்த மாதிரி, சொல்லாவிட்டால் கல்நெஞ்சக்காரர்கள். துக்கம் கேட்கச் சாண்ட்விச் தட்டோடு வீட்டுக்கு வந்திருக்க வேண்டிய பெண்கள் சூப்பர் மார்க்கெட்டில் அவளைப் பார்த்ததும் வேறு வரிசைக்குத் திரும்பினார்கள். பாதிரியார் அவனுக்கான இரங்கல் திருப்பலிக்குத் தயார், நீங்கள் சொல்லவேண்டும் என்று காத்திருந்தார். மேனஸ் தினமும் கடல் தண்ணீர் இறங்கியதும் ஒரு குச்சியை எடுத்துக்கொண்டு கரையோரம் பாசிக் குவியல்களைக் கிளறிக்கொண்டே நடந்தான். ஒரு தடவை ஒரு ரப்பர் பூட்ஸைக் கொண்டுவந்து மேஜைமேல் வைத்தான். அது கோர்மாக்குடையது இல்லை என்று இருவருக்குமே தெரியும். இருந்தும் அதை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மேனஸால் அதற்கு மேல் தாங்க முடியவில்லை. துக்கம் என்றால் துக்கமாக இருக்கட்டும், நாலு பேர் வீட்டுக்குள் வந்து உட்காரட்டும் என்று கெஞ்சினான். நோரீன் தன் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு தொங்கினாள். உடல் கிடைக்கவில்லை. பார்ட்லி போன் செய்யவில்லை. ஆகவே கோர்மாக் சாகவில்லை.

அந்தக் கடைசி வெள்ளிக்கிழமை மதியம் பார்ட்லி ரேடியோவுக்குப் போன் செய்தார். மேனஸ் தன்னிடம் வந்து குழந்தை மாதிரி அழுதான் என்றார்.

"பெட்டிக்கு வேலை இல்ல, குழிக்கும் வேலை இல்ல, பொண்ணே. ஆனா நான் சொன்னாத்தான் படிப்பேன்னு நீதான சட்டம் போட்ட? இப்ப சொல்றேன், எழுதிக்க."

"உடம்பு இல்லாம எப்படி, பார்ட்லி?"

"நாளைக்கு உன் மைக்கும் இருக்காது. அப்புறம் அந்தப் பிள்ளையை யாரு ஊருக்குச் சொல்றது? எழுதிக்க."

எழுதினாள். சொந்த மகனின் பெயரை ஒவ்வொரு எழுத்தாக, தெரியாதவன் பெயரைக் கேட்டு எழுதுவதுபோல எழுதினாள். அப்போதும் படிப்பதாக முடிவு செய்யவில்லை.

மாலை நிகழ்ச்சி தொடங்கியது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் டெக்லன் உட்கார்ந்திருந்தான். கடைசி நாள் என்று ஊரே போன் செய்து வாழ்த்தியது, பழைய பாட்டெல்லாம் கேட்டது. ஐந்தரைக்கு வரவேண்டிய அறிவிப்பை நோரீன் தள்ளிக்கொண்டே போனாள். இன்னொரு பாட்டு, இன்னொரு போன். டெக்லன் அவசரப்படுத்தவில்லை. பார்ட்லி அவனிடமும் பேசியிருந்தார்.

ஆறுக்குச் சற்று முன்னால் ஆரம்பித்தாள். அன்றைக்கு நான்கு பேர். ஒரு ஓய்வுபெற்ற ஆசிரியை, இரண்டு விவசாயிகள், முதியோர் இல்லத்தில் ஒரு பெண்மணி. நிதானமாகப் படித்தாள். பிறகு தண்ணீர் குடித்தாள். டம்ளர் பல்லில் மோதியது. படிக்காமல் எழுந்துவிடலாம், இந்த அறையோடு எல்லாம் முடிந்துவிடும், கோர்மாக் என்றைக்கும் கடலில் எங்கேயோ இருப்பான் என்று நினைத்தாள். மேனஸின் குச்சியையும் நினைத்தாள். சாகும்வரை அவன் அந்தக் கரையைக் கிளறிக்கொண்டிருப்பானே என்று நினைத்ததும் தாளைப் பக்கத்தில் இழுத்துக்கொண்டாள்.

"கோர்மாக் மெக்கின்லி. துறைமுகச் சாலை, கில்டரா. கடலில். மேனஸ், நோரீன் தம்பதியின் ஒரே மகன்." தன் பெயரைத் தாண்டியதும் குரல் உடைந்தது. விடாமல் போனாள். "உடல் கிடைக்கவில்லை. வீடு திறந்திருக்கும். யார் வேண்டுமானாலும் வரலாம்."

ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு மேஜைமேல் தலையைச் சாய்த்து அழுதாள். ஒரு தாய் எத்தனை மாதத்தை அடக்கி வைத்திருந்தாளோ அத்தனையும் வந்தது. நிமிர்ந்தபோது டெக்லன் நாற்காலியில் இல்லை. தரையில் மண்டியிட்டு ஒயர்களைப் பிடுங்கிப் பிடுங்கித் திரும்ப மாட்டிக்கொண்டிருந்தான். ஒலிபரப்பு கேட்கும் வெளிக்கூடத்து ஸ்பீக்கரில் யாரோ ஒரு இளைஞன் வார இறுதியைப் பற்றிச் சிரித்துச் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தான்.

அவள் ஹெட்போனில் கேட்டதெல்லாம் அந்த அறைக்குள் சுற்றிய அவள் குரல்தான். தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தபோதே ஆறு அடித்திருந்தது. டப்ளின் கம்ப்யூட்டருக்கு யாருக்காகவும் காத்திருக்கத் தெரியாது. டெக்லன் அங்கே போன் செய்து பார்த்தான். எந்தப் பிரிவுக்கு எந்த எண்ணை அழுத்தவேண்டும் என்று ஒரு மெஷின் சொல்லிக்கொண்டே இருந்தது.

"அவன் பேரே வெளிய போகல, நோரீன்" என்றான். "நம்ம பட்டியலுக்காக நிக்கும்னு நினைச்சிட்டேன். எப்பவும் நிக்குமே."

அவனைத் திட்டவும் அவளுக்குத் தெம்பில்லை. அவளும் அப்படித்தானே நினைத்திருந்தாள். கோட்டைக்கூட எடுக்காமல் காரில் ஏறினாள். துறைமுகச் சாலையில் ஒவ்வொரு வீட்டு ஜன்னலிலும் ஆள் தெரிந்தது. அவளைப் பார்த்ததும் திரைகள் விழுந்தன. கோர்மாக்கின் பெயருக்காகக் காத்திருந்தார்கள், கேட்கவில்லை, ஆகவே துக்கத்துக்கு வரவில்லை.

மேனஸ் சமையலறையில் இருந்தான். கறுப்புக் கோட்டு போட்டிருந்தான். பன்றித்தொடை இறைச்சி நறுக்கி வைக்கப்பட்டிருந்தது, கோப்பைகள் வரிசையாக இருந்தன. வருகிறவர்களுக்கென்று சுவரோரம் போட்டிருந்த நாற்காலிகளை அவன் ஒவ்வொன்றாக மடக்கிக்கொண்டிருந்தான். திரும்பிய முகத்தைப் பார்த்து நோரீன் பயந்துபோனாள். பிப்ரவரிக்குப் பிறகு அந்த முகத்தில் அவள் பார்க்காத ஒரு வெளிச்சம்.

"நீ படிக்கல" என்றான். "நாலு பேரைப் படிச்ச, அவனைப் படிக்கல. நான் ரேடியோ பக்கத்துலயே உக்காந்திருந்தேன். ஆறு அடிச்சுது, அவன் பேரு வரல. எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துப்போச்சு, நோரீன். பெத்தவளுக்குத் தெரியாததா எனக்குத் தெரிஞ்சிரப் போகுது. இருக்கான். எந்தக் கப்பல்காரனாவது தூக்கிட்டுப் போயிருப்பான். நாம காத்திருப்போம்."

இத்தனை நாள் அவள் தனியாகச் சுமந்த நம்பிக்கையை இன்றைக்கு அவன் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு நிற்கிறான். பேசாமல் இருந்தால் போதும், இனி இரண்டு பேருமாகக் காத்திருக்கலாம். அவள் அதற்கு எவ்வளவு ஆசைப்பட்டாள் என்று சொல்லி முடியாது. ஆனால் வாயால் சொல்லிக் காதால் கேட்டாகிவிட்டது. அவளுக்கு இனிமேல் மகன் இல்லை.

"படிச்சேன், மேனஸ். யாருக்கும் கேக்கல, அவ்வளவுதான்."

"பொய் சொல்லாத. வரல."

"நம்ம பையன் செத்துட்டான்."

"ரேடியோல வரலன்னு சொல்றேன்ல."

அவன் மடக்கிய நாற்காலியை மார்போடு அணைத்துக்கொண்டு சுவரோரம் போனான். நோரீன் அவன் எதிரே போய் நின்று, முதலிலிருந்து ஆரம்பித்தாள். கோர்மாக் மெக்கின்லி, துறைமுகச் சாலை, கில்டரா. மேனஸ் நாற்காலியைக் கீழே போட்டுவிட்டு இரண்டு காதுகளையும் பொத்திக்கொண்டான். அவள் அவன் கைகளை ஒவ்வொன்றாகப் பிடித்து விலக்கிவிட்டு, கடலில் என்றாள்.