தாடி முளைத்த பிறகு

லிஃப்ட் மெக்கானிக்குக்குத் தாடி முளைத்த பிறகு ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்துக்குப் போவதா வேண்டாமா என்று அவனுக்கே பிடிபடவில்லை. பெண்களைக் காதலிக்கும் பெண்கள் கூடும் மாடி அறை அது. வீட்டில் துரத்தியபோது அவனுக்குப் பாய் போட்டுக் கொடுத்த இடம். அப்போது எல்லோரும் அவனைப் பெண் என்றே நினைத்தார்கள். அவனும் வேறு வார்த்தை தெரியாமல் தலையாட்டியிருந்தான். தான் ஆண் என்று புரிந்து ஹார்மோன் ஊசி போட்டுக்கொண்டது அப்புறம்தான். தன் காதலியான நர்ஸை அங்கேதான் சந்தித்தான். இப்போது இருவரும் ஒரே வீட்டில் குடித்தனம்.

அன்று நர்ஸ்தான் அவனை இழுத்துக்கொண்டு போனாள். கதவு திறந்ததும் பேச்சு நின்றது. புதிதாக வந்திருந்த ஒருத்தி செருப்பைத் தேடினாள்.

"ஆம்பளைங்க வரமாட்டாங்கன்னு சொன்னீங்களேக்கா. அதனாலதான் வந்தேன்."

கூட்டத்தை நடத்தும் தையல்காரக்கா நடுவில் வந்து நின்றாள். "இது நம்ம ஆளும்மா" என்றவள் அவனைப் பார்த்தாள். "டேய்... டேய்னு சொல்லலாம்ல? உன்னை உள்ள உக்காரச் சொல்லவா, போகச் சொல்லவா? எனக்கு ஒண்ணுமே ஓடலைடா."

"எனக்கும்தான்க்கா."

போகச் சொன்னால் வலிக்கும். உட்காரச் சொன்னாலோ, 'நீ எப்படியும் பெண்தானே' என்று சொன்னதுபோல் இருக்கும். அந்தப் புதியவள் மீதும் அவனுக்குக் கோபம் வரவில்லை. அவள் முகத்தில் இருந்த பயத்தை அவன் அறிவான். கீழே இறங்கி, எதிரே இருந்த டீக்கடையில் போய் உட்கார்ந்தான்.

சற்று நேரத்தில் நர்ஸும் வந்தாள்.

"நீ ஏன் வந்தே? உனக்கென்ன, நீ இருக்கலாமே."

"இருக்கலாமா? கீழ் வீட்டம்மா நேத்து 'உங்க வீட்டுக்காரர்'னு சொன்னாங்க. சந்தோஷமாத்தான் இருந்துச்சு. அப்புறம் பாத்ரூம்ல போய் அழுதேன். ஒரு பொண்ணை லவ் பண்றேன்னு எங்கம்மாகிட்ட எவ்வளவு சண்டை போட்டிருக்கேன்! இப்ப நான் யாருடா?"

"என்னை விட்டுடுவியா?"

"லூசு. உன்னைப் பத்திக் குழப்பமே இல்ல. என்னைப் பத்திதான்."

மாடிப்படியில் காலடிச் சத்தம். தையல்காரக்காவும் இன்னும் மூன்று பேரும் ஆளாளுக்குக் கத்திக்கொண்டே இறங்கி வந்தார்கள். அவனை உள்ளே சேர்ப்பதா, கூட்டத்தின் பெயரை மாற்றுவதா என்று சண்டை. அது டீக்கடை பெஞ்சிலும் ஓயவில்லை. புதியவள் மட்டும் வரவில்லை. மாடி ஜன்னலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நம்ம பாட்டுக்கு இறங்கி வந்துட்டோம், அந்தப் புள்ள தனியா நிக்குதே" என்றான் அவன்.

யாராவது மேலே போக வேண்டும். அவன் போனால் அவள் மிரள்வாள்; வேறு யார் போனாலும் அவனைக் கீழேயே விட்டதாகிவிடும். யார் போவது என்றுதான் யாருக்கும் தெரியவில்லை.