சவப்பெட்டியைத் தாண்டிய பிள்ளை

டோன்யா மிலாக்ரோஸ் அந்த வீட்டுப் படியை மிதித்ததே அன்றைக்குத்தான். கறுப்பு உடுப்பும் கையில் ஜெபமாலையுமாக முன்னறை நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். அவளைக் கண்டதும் பாசிங் கிழவிக்குப் பழைய பழக்கம் விடவில்லை. காபி போட அடுப்படிக்கு எழுந்தாள்.

"உக்காரும்மா," என்றாள் மகள் அடெல்ஃபா. "சென்யோரா விருந்துக்கு வரல. கேக்க வந்திருக்காங்க."

பாசிங் டோன்யாவின் மோன்டெக்லாரோ மாளிகையில் முப்பது வருஷம் துணி துவைத்தவள். அடெல்ஃபா இப்போது சான் டெல்மோ ஊருக்கு மேயர். டோன்யாவின் ஒரே மகன் லிசாண்ட்ரோ முந்தின நாள் மாரடைப்பில் போய்விட்டான். கரும்புத் தோட்டத்துக்குள் இருக்கும் குடும்பச் சிற்றாலயத்தில், அப்பா டோன் காஸ்பருக்குப் பக்கத்தில் அவனைப் புதைக்க வேண்டும். அதற்கு மேயர் கையெழுத்து வேண்டும்.

ஊர்க் கல்லறையைத் தவிர வேறெங்கே புதைத்தாலும் மேயரைக் கேட்க வேண்டும் என்ற விதியை நகர மன்றத்தில் கொண்டுவந்தவளே அடெல்ஃபாதான். கிணற்றுத் தண்ணீர் கெடக் கூடாது என்று அவள் காரணம் சொன்னபோது உறுப்பினர்கள் எல்லாரும் தலையாட்டினார்கள். தண்ணீரைப் பற்றி அவளுக்கு அப்படியொன்றும் கவலை கிடையாது. பொறுத்தார் பூமி ஆள்வார் என்பார்கள். அவள் பொறுத்திருந்தது ஆறடி நிலத்துக்காக.

டோன் காஸ்பர் அவளுக்கும் அப்பாதான். ஊருக்கே தெரியும், தெரியாத மாதிரி இருப்பதுதான் ஊரின் மரியாதை. அவர் செத்தபோது அவளுக்கு ஆறு வயது. பெட்டியை எடுக்குமுன் வீட்டுச் சின்னப் பிள்ளைகளைச் சவப்பெட்டிக்கு மேலாக, இந்தப் பக்கம் ஒருவர் தூக்கிக் கொடுக்க, அந்தப் பக்கம் ஒருவர் வாங்கிக்கொண்டிருந்தார்கள். தாண்டாத பிள்ளையைச் செத்தவர் விடமாட்டார், காய்ச்சலாக வந்து கூப்பிடுவார் என்று பயம். பாசிங்கும் மகளுக்குத் துவைத்த சட்டை போட்டு வரிசையின் கடைசியில் நிறுத்தினாள்.

"அது இந்த வீட்டுக் குழந்தை இல்ல," என்றாள் டோன்யா. "சமையக்கட்டுக்குக் கூட்டிட்டுப் போ."

பன்னிரண்டு வயது லிசாண்ட்ரோ சிரித்தான். அந்தச் சிரிப்பை அடெல்ஃபா மறக்கவே இல்லை.

அதற்கப்புறம் மகளுக்கு உடம்பு லேசாகச் சுட்டாலும் பாசிங் நடுங்குவாள், அப்பன் கூப்பிடுகிறான் என்று. மகளுக்குப் பேய்ப்பயம் வரவில்லை, ஆத்திரம் வந்தது. ஆத்திரம்தான் அவளை இலோய்லோ நகரத்துக்கு அனுப்பிச் சட்டம் படிக்க வைத்தது. வக்கீலானதும் முதல் வழக்கே மோன்டெக்லாரோ குத்தகைக்காரர்களுக்காக. அதில் தோற்றாள், அடுத்ததில் ஜெயித்தாள், அதற்கப்புறம் நிறுத்தவே இல்லை. மேயர் தேர்தலில் அவளை எதிர்த்து நின்ற லிசாண்ட்ரோ, "சலவைக்காரி மகளுக்கா ஓட்டு?" என்று மேடையில் கேட்டான். மறுநாள் அவளே சுவரொட்டி அடித்தாள்: 'சலவைக்காரி மகள். கறை எடுக்கத் தெரிந்தவள்.' ஊர் சிரித்தது. சிரித்துக்கொண்டே ஓட்டும் போட்டது.

"கையெழுத்துப் போடறேன்," என்றாள் அடெல்ஃபா. "ஆனா பெட்டி எடுக்கறப்ப உங்க வீட்டுச் சின்னப் பிள்ளைங்க எல்லாரும் தாண்டணும். எல்லாரும்."

டோன்யாவுக்குப் புரிந்துவிட்டது. மாளிகைச் சமையற்கட்டில் செலிங் என்றொரு வேலைக்காரப் பெண் இருந்தாள். அவளுக்கு நாலு வயதில் ஜோவி என்று ஒரு மகள். லிசாண்ட்ரோவின் மூக்கை அப்படியே பிய்த்து ஒட்டியது மாதிரி இருக்கும்.

"அது இந்த வீட்டுக் குழந்தை இல்ல."

நாற்பது வருஷம் தாண்டியும் ஒரு சொல் மாறவில்லை. அடெல்ஃபாவுக்கு ஆத்திரம் வந்தது. கூடவே உள்ளுக்குள் இனித்தது, அதை மறைப்பானேன்.

"அப்ப சரி. ஊர்க் கல்லறையில உங்க தோட்டத்துல கரும்பு வெட்டினவங்களுக்கு நடுவுல இடம் இருக்கு. இல்லேன்னா ஜோவி தாண்டட்டும். ஆனா நீங்கதான் தூக்கிக் குடுக்கணும், உங்க கையால."

செத்த வீட்டில் வீம்பு பிடிக்காதே என்று பாசிங் முணுமுணுத்தாள். மகள் காதில் வாங்கவில்லை.

அடக்கத்தன்று மாளிகை முற்றம் நிறைய ஜனம். பாதிரியார் மந்திரித்து முடித்ததும் லிசாண்ட்ரோவின் பேரன்கள் ஆளுக்காள் கைமாறிச் சட்டென்று தாண்டிவிட்டார்கள். பிறகு டோன்யா சமையற்கட்டுப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். செலிங் வாசலிலேயே நின்றுகொண்டு குழந்தையை மட்டும் அனுப்பினாள். யாரிடமோ இரவல் வாங்கிய சப்பாத்து காலில் நிற்காமல் கழன்றது.

டோன்யா தூக்கினாள். கூட்டத்தில் ஒரு சலசலப்பு எழுந்து அடங்கியது. அந்தப் பக்கம் நின்ற லிசாண்ட்ரோவின் மருமகன்மார் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார்கள். வாங்க ஆளில்லை. குழந்தை பெட்டிமூடிக் கண்ணாடிக்குக் கீழே தெரிந்த முகத்தைப் பார்த்தாள்.

"தூங்கறாரா?" என்று கேட்டவள், யாரும் பதில் சொல்லாததால் அழத் தொடங்கினாள்.

அடெல்ஃபாவுக்குச் சுருக்கென்றது. பழி அவளுடையது, அந்தரத்தில் தவிப்பது இந்தப் பிஞ்சு. கூட்டத்தை விலக்கிக்கொண்டு அவள் வருவதற்குள் பாசிங் முந்திவிட்டாள். சோப்புக் காரத்தில் ஊறி ஊறி வெடித்த கைகளை நீட்டி, டோன்யாவின் கண்ணைப் பார்த்தபடியே குழந்தையை வாங்கிக்கொண்டாள்.

"வா கண்ணு," என்றாள். "உன்னை இனி யாரும் கூப்பிட மாட்டாங்க."

அடக்கம் முடிந்து சிற்றாலயத்திலிருந்து எல்லாரும் கலைந்தபோது, டோன்யா மேயரை வாசலில் நிறுத்தினாள்.

"பழி தீர்ந்துச்சா?"

"இல்ல," என்றாள் அடெல்ஃபா. "உள்ள பாத்தேன். டோன் காஸ்பருக்கு மறுபக்கம் உங்களுக்குக் கல்லுகூடப் பதிச்சு வச்சிருக்கீங்க. அதுக்கும் நான்தான் கையெழுத்துப் போடணும். அதுவரைக்கும் ஜோவி முன்வாசல் வழியாப் போகட்டும், வரட்டும்."

மறுநாள் காலை ஜோவி மாளிகையின் முன்கதவு வழியாக ஓடிவந்து முற்றத்தில் விளையாடினாள். யாரும் தடுக்கவில்லை. டோன்யாவுக்கு வயது எண்பத்தாறு. சாவுக்கு அவள் பயப்படவில்லை; கரும்பு வெட்டினவர்களுக்குப் பக்கத்தில் படுக்கத்தான் பயந்தாள்.