சாய்ந்த பதினேழு

ஓக் சாங்தேயின் மூக்கைப் பற்றி பூசான் நகரில் புழங்கும் கதைகளில் பாதி பொய். அந்தப் பாதியைக் கிளப்பிவிட்டவர் அவரேதான். சந்தைத் தெருவில் அவர் ஒருமுறை தும்மியதும், போலிச் சரக்கு விற்ற மூன்று கடைக்காரர்கள் ஷட்டரை இறக்கிவிட்டு ஊரைவிட்டே போய்விட்டார்கள் என்பது அவற்றில் ஒன்று. உண்மையில் போனவர்கள் இரண்டு பேர்தான். மூன்றாமவருக்குச் சாவி அகப்படவில்லை.

ஆனால் மூக்கு உண்மை. சாசாங் பக்கத்தில் இருந்த செருப்புத் தொழிற்சாலையில் இருபத்திரண்டு வருஷம் செக்கிங் பிரிவில் இருந்தவர் அவர். ஆட்டுக்கொம்பு முத்திரை போட்ட வெளிநாட்டுக் கம்பெனிக்காக அங்கே மலையேறும் பூட்ஸ் தைத்தார்கள். வரிசையில் வரும் ஒவ்வொரு ஜோடியையும் எடுத்து, லேஸுக்கு அடியில் இருக்கும் நாக்கை இழுத்துப் பார்த்து, தையலை எண்ணி, முகர்ந்து, கடைசியில் பாதம் படும் உள்ளட்டையைத் தூக்கி அதன் அடியில் தன் எண்ணைக் குத்துவார். பதினேழு. அவர் இடதுகைக்காரர், முத்திரைக் கட்டையோ வலதுகைக்காரர்களுக்காகச் செய்தது. அதனால் அவருடைய பதினேழு மட்டும், குடித்துவிட்டுச் சுவரில் சரிந்தவன் மாதிரி எப்போதும் ஒரு பக்கமாகச் சாய்ந்தே விழும்.

லட்சக்கணக்கான பூட்ஸுக்குள் அந்தப் பதினேழு போயிற்று. ஒன்றுக்குள்ளும் அவர் கால் போகவில்லை. ஒரு ஜோடியின் விலை அவருடைய இரண்டு மாதச் சம்பளம். அவர் மலைக்குப் போனது கான்வாஸ் செருப்பில். பிறகு கம்பெனி இந்தோனேசியாவுக்குப் போய்விட்டது, அதோடு அந்த ஆசையும் போய்விட்டதென்று அவர் சொல்லிக்கொண்டார். ஒரே ஒரு முறை, அரிசிக் கள் கொஞ்சம் அதிகமான ஒரு சாயங்காலம், தாக் மன்சிக்கிடம் மட்டும், தன் எண் குத்திய ஒரு ஜோடியை ஒரு தடவையாவது காலில் மாட்டிப் பார்க்க வேண்டும் என்று சொன்னார்.

மன்சிக் பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். பெரிய கால், சின்னப் பேச்சு. முப்பது வருஷமாக இருவரும் வியாழக்கிழமைகளில் கும்ஜொங் மலை ஏறுகிறவர்கள். வியாழக்கிழமைக் குழு என்று ஒன்று பின்னால் சேர்ந்ததே இவர்களைச் சுற்றித்தான்.

குழுவில் எல்லோரும் கைப்பேசியில் பூட்ஸ் வாங்க ஆரம்பித்த பிறகு சாங்தேக்கு மறுபடி உத்தியோகம் கிடைத்தது, 'மேஸ்திரி' என்ற பட்டமும் கிடைத்தது. அக்கம்பக்கத்தார் பழைய சாமான் விற்கும் செயலியில் வாங்கியதையெல்லாம் மலையடிவாரத்துக் கள்ளுக்கடைக்குக் கொண்டுவந்து அவர் முன்னால் வைப்பார்கள். வெங்காயத்தாள் அடையை ஓரமாகத் தள்ளிவிட்டு அவர் கண்ணாடியை மாட்டுவார்.

"மொதல்ல விக்கிறவனப் பாரு" என்று ஆரம்பிப்பார். "செயலியில ஒவ்வொருத்தனுக்கும் காய்ச்சல் பாக்குற மாதிரி மரியாதைச் சூடுன்னு ஒண்ணு போட்டிருக்கும். முப்பத்தாறுக்குக் கீழ போனவன்கிட்ட குடை கூட வாங்காத. போட்டோ கடை போட்டோ மாதிரி பளபளன்னு இருக்கா? வீட்டுத் தரை தெரியுற மாதிரி வேற போட்டோ கேளு. நாக்குல தச்சிருக்குற நம்பரும் பெட்டியில இருக்குற நம்பரும் ஒண்ணான்னு பாரு. சோல்ல இருக்குற எழுத்து மழுங்கியிருந்தா அச்சு திருட்டு அச்சு. அப்புறம் மோந்து பாரு. எல்லாத்துக்கும் கடைசியா உள்ளட்டையத் தூக்கிப் பாரு. போலி பண்றவன் வெளிய எல்லாத்தையும் பண்ணுவான். உள்ள யாரு பாக்கப் போறான்னு விட்டுருவான். உள்ளட்டையத் தூக்காம தீர்ப்பு சொல்றவன் செக்கர் இல்ல, ஜோசியக்காரன்."

இந்தக் கடைசி வரியை அவர் எத்தனை தடவை சொல்லியிருப்பார் என்பதற்குக் கணக்கில்லை. கடைக்காரியின் கிளி கூட அதைச் சொல்லும் என்று ஒரு பேச்சு உண்டு. கடையில் கிளி கிடையாது.

அந்த வருஷம் மார்ச் மாதம், புது ஏற்றங்கள் தொடங்குவதற்கு முன் மலைக்குப் படையல் வைக்கும் நாள் வந்தது. அடுத்த மாதம் சாங்தேக்கு எழுபது. குழுவின் செயலாளர் பியன் அம்மா வழக்கம்போல இறைச்சிக்கடையில் சண்டை போட்டு, சிரித்த முகமாக ஒரு பன்றித் தலை வாங்கியிருந்தார். முகத்தைத் தூக்கிவைத்திருக்கும் பன்றியைப் படைத்தால் வருஷம் முழுக்கக் கணுக்கால் பிசகும் என்பது அவர் கட்சி. இந்தத் தலையின் சிரிப்பில் கடைவாய்ப் பல் வரை தெரிந்தது.

ஏறும்போது மன்சிக் முதுகுப்பை போதாதென்று கையில் ஒரு துணிமூட்டையும் வைத்திருந்தார். பாதி வழியில் மூச்சு வாங்கிக்கொண்டே கேட்டார்.

"டேய் சாங்தே, நூறு வோன் காசு ஒண்ணு வெச்சிருக்கியா?"

"காசா? இன்னும் பஸ் உண்டியல ஆட்டிக்கிட்டு இருக்குறதா நெனப்பா ஒனக்கு?"

"இல்லடா, சும்மாதான். மேல போனதும் வேணும்."

"மேல சாமியே இப்ப கார்டு வாங்குதாம். பேசாம ஏறு."

மன்சிக் சிரித்தார். அவர் அவ்வளவு சுலபத்தில் சிரிக்கிறவர் இல்லை. சாங்தே அதைக் கவனித்தார், கவனித்துவிட்டு மறந்தார்.

படையல் முடிந்தது. எல்லோரும் விழுந்து கும்பிட்டார்கள், பன்றியின் வாயில் நோட்டுகளைச் செருகினார்கள், கள்ளை மலைக்குக் கொஞ்சம் ஊற்றிவிட்டுத் தங்களுக்கு நிறைய ஊற்றிக்கொண்டார்கள். அப்போதுதான் மன்சிக் துணிமூட்டையை அவிழ்த்தார். உள்ளே ஒரு ஜோடி பூட்ஸ். பழுப்புத் தோல், சிவப்பு லேஸ், கணுக்காலில் ஆட்டுக்கொம்பு.

"சாங்தே, இதக் கொஞ்சம் பாரேன். ஒலிம்பிக் நடந்த வருஷத்துச் சரக்கு. செயலியில எடுத்தேன்."

குழு மொத்தமும் திரும்பியது. "ஆகா, மேஸ்திரிக்கு வேல வந்தாச்சு" என்றார் ஒருவர். "ஒலிம்பிக்கா? எந்த ஒலிம்பிக்?" என்றார் இன்னொருவர். இருபத்தைந்து பேர், நாலு ஜாடி கள், சிரிக்கும் பன்றி. இப்படி ஒரு சபை சாங்தேக்கு அதற்குமுன் அமைந்ததில்லை.

அவர் பூட்ஸை வாங்கி மூக்குக்குக் கொண்டுபோனார். புதுப் பசை. முப்பது வருஷத்துக்கு மேல் பழைய பூட்ஸில் புதுப் பசை. கவிழ்த்தார். சோலில் இருந்த எழுத்து அந்தக் கம்பெனி எழுத்தே இல்லை. அதோடு பார்ப்பதை நிறுத்திவிட்டார். சொல்ல வேண்டிய வசனம் ஏற்கெனவே நாக்கு நுனிக்கு வந்துவிட்டது.

"மன்சிக், இது ஆட்டுக்கொம்பு இல்லடா" என்றார், முகத்தில் ஒரு சுருக்கமும் இல்லாமல். "ஆட்டுப் புழுக்க."

இருபத்தைந்து பேரும் சிரித்தார்கள். பியன் அம்மா கள்ளைத் தன் மடியில் கொட்டிக்கொண்டார். சிரிப்பு அடங்கும் முன் சாங்தே பூட்ஸின் நாக்கை இழுத்து, மில்லிமீட்டரில் போட்டிருந்த அளவைப் படித்தார்.

"இருநூத்தி அம்பத்தஞ்சு. உன் காலு இருநூத்தி எழுபத்தஞ்சு. எப்பிடி போடப்போற? பெருவிரல வீட்டுல கழட்டி வெச்சிட்டு வருவியா? ஏமாத்துறவன் கூட அளவு கேட்டுத்தான்டா ஏமாத்துவான். உன்ன அது கூடக் கேக்கல பாரு."

மறுபடி சிரிப்பு. மன்சிக்கும் கொஞ்சம் சிரிக்கப் பார்த்தார். பிறகு மெதுவாகக் கேட்டார்.

"உள்ளட்டையத் தூக்கிப் பாக்கலியா?"

சாங்தே பன்றித் தலையைக் கையால் காட்டினார். "செத்த பன்னிக்கு எதுக்குடா நாடி பாக்கணும்?"

அன்றைக்கு அதுதான் பெரிய சிரிப்பு. எதிர் மலையிலிருந்து ஒரு குழு கை தட்டியது என்று பின்னால் சிலர் சொன்னார்கள். மன்சிக் பூட்ஸைத் துணியில் வைத்து நான்கு முனைகளையும் முடிந்தார். முடிச்சு சரியாக விழவில்லை. அவிழ்த்து மறுபடி முடிந்தார். முழங்கால் வலிக்கிறதென்று சொல்லி எல்லோருக்கும் முன்னால் இறங்கிப் போனார்.

அடுத்த வியாழக்கிழமை அவர் வரவில்லை. அதற்கடுத்த வியாழனும் வரவில்லை. சாங்தேயின் எழுபதாம் பிறந்தநாள் விருந்துக்கு ஒரு பெட்டி பேரிக்காய் வந்தது, ஆள் வரவில்லை. குழு அரட்டையில் போடுவதையெல்லாம் படிக்கிறார் என்பது மட்டும் தெரிந்தது. சாங்தே கூப்பிட்டுப் பேசவில்லை. முழங்கால்தான் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார்.

மே மாதத்தில் ஒரு வியாழன், கள்ளுக்கடையில் பியன் அம்மா கைப்பேசியை அவர் முன்னால் நீட்டினார்.

"மேஸ்திரி, இது நம்ம மன்சிக் அண்ணன் போட்ட விளம்பரம்தான? போன மாசம் போட்டிருக்கார். இன்னிக்குத்தான் என் கண்ணுல பட்டுச்சு."

சாங்தே கண்ணாடியை மாட்டினார்.

'மலையேறும் பூட்ஸ், அளவு 255. இலவசம். விவரம் தெரிந்த ஒருவர் இது போலி என்று சொல்லிவிட்டார். அவர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும். முன்பு வைத்திருந்தவர் சோல் மட்டும் புதிதாக மாற்றியிருக்கிறார். மேல் தோல் நன்றாக இருக்கிறது. போலி என்று தெரிந்து வாங்குபவர் மட்டும் வரவும்.'

சோல் மாற்றியது. புதுப் பசை, வேறு எழுத்து. மலையேறுகிற ஊரில், தோல் நன்றாக இருக்கும் பூட்ஸுக்குச் சோலை மாற்றாதவன் யார்? இப்போது அவர் காலில் கிடக்கும் மலிவு பூட்ஸுக்கே இரண்டு முறை மாற்றியாயிற்று.

"இன்னொரு போட்டோ இருக்கு பாருங்க" என்று பியன் அம்மா விரலால் தள்ளினார்.

உள்ளட்டையைத் தூக்கி எடுத்த படம். அடியில், மங்கிய நீல மையில், சுவரில் சரிந்த குடிகாரன் மாதிரி, ஒரு பதினேழு.

சாங்தே கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, மறுபடி மாட்டிப் பார்த்தார். அடை ஆறியது.

"உங்க காலு என்ன அளவு மேஸ்திரி?" என்று பியன் அம்மா கேட்டார். கேட்டது பேருக்குத்தான், குழுவில் எல்லாருடைய அளவும் அம்மாவின் நோட்டில் இருக்கிறது: சாங்தேக்கு 255. "பொறந்தநாளுக்குக் குடுக்கத்தான் எடுத்திருக்கார் போல. அன்னிக்கு நூறு வோன் காசு கேட்டார்னீங்களே. செருப்ப சும்மா குடுத்தா வாங்குனவங்க குடுத்தவங்கள விட்டுட்டுப் போயிடுவாங்கன்னு பயம். அதான் பேருக்கு ஒரு காசு வாங்கிக்கிட்டு வித்த மாதிரி ஆக்கலாம்னு பாத்திருக்கார். பாவம்."

படத்தின் கீழே 'கொடுத்தாகிவிட்டது' என்று எழுதியிருந்தது.

மன்சிக் வீட்டுக்குப் போக சாங்தேக்கு ஒரு நூறு வோன் காசு வேண்டியிருந்தது. ஊரில் எவனிடமும் காசு இல்லை. கடைசியில் சூப்பர் மார்க்கெட்டில் யாரோ விட்டுப்போன தள்ளுவண்டியில், பூட்டுக்குப் போட்டிருந்த ஒன்றை எடுத்துக்கொண்டார். அதற்காக, பார்ப்பவர்கள் சந்தேகப்படாமல் ஒரு மூட்டை உருளைக்கிழங்கை வாங்கி, வண்டியைக் கொண்டுபோய்ச் சங்கிலியில் மாட்டிக் காசை வெளியே எடுக்க வேண்டியிருந்தது. கிழங்கையும் தூக்கிக்கொண்டு நாலு மாடி ஏறினார்.

மன்சிக் கதவைத் திறந்தார். "என்னடா, வியாபாரமா?" என்றார் கிழங்கைப் பார்த்து.

"எம்பேரு இருந்துச்சாமே உள்ள" என்றார் சாங்தே. வேறு விதமாக ஆரம்பிக்க வழி முழுக்க யோசித்து வந்திருந்தார். எல்லாம் மூன்றாவது மாடியில் தீர்ந்துவிட்டது.

"பேரு இல்ல. நம்பரு."

"எங்க இப்ப அது?"

"யாங்சான்காரன் ஒருத்தன் வந்தான், அவங்கப்பாவுக்குன்னு. போலின்னு சொல்லித்தான் குடுத்தேன்."

"ஏண்டா அன்னிக்கே சொல்லல, 'இது உன் சரக்கு'ன்னு?"

மன்சிக் கதவை அகலத் திறந்து வழிவிட்டார். "சொன்னேனே. உள்ளட்டையத் தூக்கிப் பாருன்னேன். நீ பாக்கல." கோபமாகச் சொல்லவில்லை, பஸ்ஸில் அடுத்த நிறுத்தத்தின் பெயர் சொல்வது மாதிரிச் சொன்னார். "ரெண்டு வருஷம் தேடுனேன்டா. ஆட்டுக்கொம்பு போட்டவன் ஒவ்வொருத்தன்கிட்டயும், உள்ளட்டையத் தூக்கி ஒரு போட்டோ அனுப்புங்கன்னு கேட்டேன். நாலாம் நம்பர் வந்துச்சு, எட்டாம் நம்பர் வந்துச்சு, முப்பத்தொண்ணு வந்துச்சு. உன் பதினேழு கடைசியிலதான் வந்துச்சு. பாதிப் பேரு கிறுக்கன்னு என்ன பிளாக் பண்ணிட்டானுங்க. என் மரியாதைச் சூடு முப்பதுக்கு எறங்கிடுச்சு. இப்ப எனக்கு எவனும் குடை கூட விக்க மாட்டான்."

சாங்தேக்குச் சிரிப்பு வர வேண்டிய இடம் அது. வரவில்லை.

மன்சிக்கின் கைப்பேசியிலேயே யாங்சான்காரருக்கு எழுதினார்கள். சாங்தே சொல்லச் சொல்ல மன்சிக் தட்டினார். அந்த பூட்ஸைத் திரும்பத் தர முடியுமா, புதிதாக வேறு ஜோடி வாங்கித் தருகிறோம் என்று. பதில் வர ஒரு கெட்டில் பார்லித் தண்ணீர் கொதிக்கும் நேரம் ஆயிற்று.

'தாத்தா, அப்பா அதைப் போட்டுக்கொண்டுதான் தினமும் பேரித்தோட்டத்துக்குப் போகிறார். காலுக்கு அப்படி ஒத்துப்போகிற செருப்பு இதுவரை கிடைத்ததில்லை என்கிறார். போலியானாலும் பரவாயில்லையாம். கழற்ற மாட்டேன் என்கிறார். மன்னிக்கவும்.'

"கேக்கட்டுமா இன்னொரு தடவ?" என்றார் மன்சிக்.

"வேணாம்" என்றார் சாங்தே. "இத மட்டும் அனுப்பு. 'போலி இல்லை. பதினேழாம் எண் செக்கர் பார்த்து அனுப்பிய சரக்கு. மழையில் நனைந்தால் வெயிலில் காயவைக்க வேண்டாம்.'"

மன்சிக் தட்டினார். தட்டி முடித்து, அனுப்புமுன் ஒரு தடவை படித்தார். பிறகு அனுப்பினார்.

புறப்படும்போது சாங்தே காசை எடுத்து நீட்டினார்.

"பூட்ஸே இல்லாம காசு எதுக்குடா?" என்றார் மன்சிக். கையை நீட்டவில்லை.

சாங்தே அதை வாசலில் இருந்த செருப்பு அலமாரியின் மேல் வைத்துவிட்டு இறங்கினார். கிழங்கை வைக்க மறந்து, நாலு மாடியும் தூக்கிக்கொண்டே இறங்கினார்.

ஜூன் மாதத்திலிருந்து மன்சிக் மறுபடி வியாழக்கிழமைகளில் வருகிறார். பேசுகிறார், கள் குடிக்கிறார். கள்ளுக்கடையில் யாராவது பூட்ஸை எடுத்து மேஜையில் வைத்தால் மட்டும், முழங்காலை நீட்ட வேண்டும் என்று எழுந்து வெளியே போய் மலையைப் பார்த்துக்கொண்டு நிற்பார். சாங்தே இப்போதெல்லாம் உள்ளட்டையை முதலில் தூக்குகிறார். தீர்ப்பு சொல்ல அவருக்கு ரொம்ப நேரம் ஆகிறது என்று குழுவில் முணுமுணுக்கிறார்கள்.

அவர் மாதம் ஒரு முறையாவது ஏதாவது சாக்கு வைத்துக்கொண்டு அந்த நாலாவது மாடிக்குப் போய்வருகிறார். காசு அலமாரியின் மேல் வைத்த இடத்திலேயே இருக்கிறது. மன்சிக் அதை எடுக்கவும் இல்லை, திருப்பிக் கொடுக்கவும் இல்லை. அதைச் சுற்றி மட்டும் தூசு துடைத்திருக்கிறது.