தார் காயாத வலை

தார்ப் பீப்பாவுக்குள் முதலில் இறங்கியது பாலசிங்கத்தின் வலை. அதில் தங்கேஸ்வரிக்கு மனவருத்தம் ஒன்றுமில்லை. மூத்தவர், வள்ளமும் ஆட்களும் வைத்திருக்கிற சம்மாட்டியார், இறங்கட்டும். தன் வலை எப்போது இறங்கும் என்று கேட்டபோதெல்லாம் அந்த மனிதர் கடலைப் பார்த்துக்கொண்டு “பாப்பம்” என்றாரே, அதுதான் அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

கரைவலைக்கு நடுவில் மீன் சேருகிற பையாக மடி, இரு பக்கமும் நீள வலையாக இரண்டு கை. வலக்கை பாலசிங்கத்துடையது. இடக்கை அவர் தம்பி சோமசேகரத்துடையதாக இருந்தது. சோமசேகரம் நெருப்புக் காய்ச்சலில் கண்ணை மூடிய பிறகு அது அவன் பெண்சாதி தங்கேஸ்வரிக்கு வந்தது. பருவம் தொடங்கும்போது இரண்டு கையையும் கொண்டுவந்து மடியோடு பொருத்துவார்கள். கை கொண்டுவந்தவருக்குத்தான் மீனில் பங்கு. கொண்டுவராதவர் கரையில் நின்று வேடிக்கை பார்க்கலாம், அல்லது பிறத்தியாரின் மீனைக் கீறிக் கருவாடு போடலாம். உப்புவெளிக்கு வடக்கே அந்தக் கரையில் இதுதான் வழக்கம். தங்கேஸ்வரிக்கு இரண்டு பெண்பிள்ளைகள். அந்த இடக்கையை விட்டால் வேறு பிழைப்பில்லை. அது பாலசிங்கத்துக்கு நன்றாகத் தெரியும்.

பருத்தி நூல் வலையை அப்படியே கடலில் போட்டால் உப்புத் தின்றுவிடும். கண்டல் பட்டையை அவித்துத் தோய்த்தால் நூல் இறுகும், செம்பழுப்பாக நிறமும் பிடிக்கும். ஆனால் சாயம் கழன்றுகொண்டே இருக்கும், திரும்பத் திரும்ப அவிக்க வேண்டும். அந்த வருடம்தான் தார் வந்தது. வெள்ளைக்காரர்கள் திருகோணமலை டொக்யாட்டை விட்டுப் போக மூட்டை கட்டிக்கொண்டிருந்த வருடம் அது. அங்கே பெயின்ற் ஸ்ரோரில் வேலை செய்த பேணாட், ஏலத்தில் எடுத்த தாரையும், பெயின்றில் கலக்கிற லின்சீட் எண்ணெயையும், தாரை இளக்குவதற்கு டர்பன்டைனையும் வண்டியில் கொண்டுவந்து கரையில் வலை வைக்கிற கொட்டிலான வாடியின் வாசலில் இறக்கினான். மூன்றையும் கலந்து தோய்த்தால் நூல் கம்பிபோல நிற்கும், கறுப்பும் போகாது என்றான். அளவையும் சொல்லிக்கொடுத்தான். போகிற நேரத்தில் பாலசிங்கத்தையும் தங்கேஸ்வரியையும் சேர்த்துப் பார்த்துக்கொண்டு ஒன்று சொன்னான்.

“எண்ணெய் காயுமட்டும் மடிச்சுப் போட்டிடாதேங்கோ. மணல்ல விரிச்சுத்தான் கிடக்கோணும். குவிச்சா உள்ளுக்குள்ள சூடேறித் தன்பாட்டில பத்தும்.”

பாலசிங்கம் “ஓம், ஓம்” என்று தலையாட்டினார். இரண்டு காதும் நல்லாயிருக்கிற மனிதர் ஒன்றைக் கேட்டுத் தலையாட்டினால் கேட்டார் என்றுதான் அர்த்தம். பிற்பாடு அவர் கேளாதவர் மாதிரி நடந்தபடியால் இதை இங்கே சொல்லி வைக்க வேண்டியிருக்கிறது.

அவருடைய வலக்கை கோவிலுக்கு முன்னால் உள்ள மணலில் ஆறுதலாகக் கிடந்து காய்ந்தது. ஊரிலே வலை விரிக்க அகலமான இடம் அது ஒன்றுதான். தங்கேஸ்வரியின் வலைக்கு மட்டும் நாள் வரவில்லை. ஒரு நாள் ஆளில்லை என்றார். ஒரு நாள் தார் இறுகிவிட்டது என்றார். கடைசியில் அம்மன் கோவிலில் கொடியேறுவதற்கு முதல் நாள் பின்னேரம், திடீரென்று இரக்கம் வந்தவர் மாதிரி ஆட்களைக் கூப்பிட்டு, அவளுடைய இடக்கையைப் பீப்பாவுக்குள் அமுக்கினார். வலை பளபளவென்று வெளியே வந்தது. மணம் மூக்கைப் பிய்த்தது. அவள் மணலில் இடம் பார்க்கப் போனபோதுதான் அவர் வாயைத் திறந்தார். விடிந்தால் கொடி. கொடியேறினால் தீர்த்தம் முடியும்வரை அந்த மணலில் வலை கிடக்கக் கூடாது, அம்மன் உலா வருகிற இடம். ஆகவே வாடிக்குள் மடித்துப் போடுங்கள் என்றார்.

அவள் பேணாட் சொன்னதை நினைவுபடுத்தினாள். அவர் சிரித்தார். டொக்யாட்டில் வெள்ளைக்காரனுக்குப் பெயின்ற் கிண்டினவன் எங்களுக்கு வலை படிப்பிக்கிறானோ என்று ஆட்களைப் பார்த்துக் கேட்டார். அவர்களும் சிரித்தார்கள். ஈர வலை மடிப்பு மடிப்பாக வாடிக்குள் போனது. தகரக் கதவைச் சாத்திப் பூட்டித் திறப்பை அவர் அரைக்கயிற்றில் முடிந்துகொண்டார்.

கொடியேறிய மறுநாள் அவள் வாடிப் பக்கம் போனாள். காற்று இல்லாமலே டர்பன்டைன் மணம் வந்தது. அதற்குள் வேறொரு மணமும், பழைய எண்ணெய் கருகுகிற மாதிரி. தென்னோலைக் கிடுகுச் சுவரைப் பிரித்துக் கையை உள்ளே விட்டாள். வலையின் மடிப்புக்குள் விரலை நுழைத்தவள் உடனே இழுத்துக்கொண்டாள். உள்ளே சுட்டது.

கோவிலுக்கு ஓடினாள். பாலசிங்கம் கோவில் உபயகாரர். வெள்ளை வேட்டி, நெஞ்சு நிறையத் திருநீறு, மணிக்கட்டில் காப்பு. வலை சுடுகிறது, ஆட்களை விட்டு வெளியே எடுப்பியுங்கள் என்று கேட்டாள். காப்புக் கட்டினவர்கள் வலையைத் தொடுவதில்லை, அது அவளுக்குத் தெரியாதா என்று கேட்டார். அப்படியென்றால் திறப்பையாவது தாருங்கள், நான் என் கையால் இழுக்கிறேன் என்றாள். கொடி பறக்கும்போது பெண்பிள்ளை தனியே வாடி திறப்பதோ என்றார். தார் மணத்தோடு கோவில் வீதிக்குள் நிற்க வேண்டாம் என்றும் சொன்னார். அதை மட்டும் கொஞ்சம் உரத்துச் சொன்னார், நாலு பேருக்குக் கேட்கட்டும் என்று.

அவள் திரும்பி வந்து கிடுகைப் பிய்த்தாள். வெட்கம், மரியாதை, மச்சான், மண்ணாங்கட்டி எல்லாவற்றையும் சேர்த்துப் பிய்த்தாள். ஈர வலை எருமைபோல அசையாமல் கிடந்தது. ஆறு பேர் தூக்குகிற பாரத்தை ஒருத்தி என்ன செய்ய? மேல் மடிப்பை மட்டும் இழுத்துப் பிரித்தாள். அடியிலிருந்து புகை எழும்பியது. குடத்தை எடுத்துக்கொண்டு கடலுக்கும் வாடிக்குமாக ஓடி ஓடி ஊற்றினாள். அவள் ஊற்றியிராவிட்டால் அன்றைக்கு வாடியும், வாடிக்குள் காய்ந்து கிடந்த பாலசிங்கத்தின் வலக்கையும், கரையில் நின்ற வள்ளமும் சாம்பலாகியிருக்கும். மேளச் சத்தம் கோவிலில் கேட்டுக்கொண்டிருந்தது. ஒருவரும் வரவில்லை.

தீர்த்தம் முடிந்து காப்பு அவிழ்த்த காலையில் வாடியைத் திறந்தார்கள். வலையை வெளியே இழுத்துப் பிரித்தபோது மேல்கயிறும் கீழ்க்கயிறும் தாங்கின. நடுவிலே வலைக் கண்கள் பழுப்பாகிக் கருகி, தொட்ட இடமெல்லாம் அடிப்பிடித்த சோறு மாதிரி உதிர்ந்தன. வள்ளத்தில் சுக்கான் பிடிக்கிற தம்பு, சோமசேகரத்தோடு சேர்ந்து அந்த வலையைப் பின்னினவன், குந்தியிருந்து ஒரு துண்டைக் கையில் எடுத்துப் பார்த்தான்.

பாலசிங்கம் பேசினார். யோசித்து வைத்திருந்த பேச்சு, தடக்கவில்லை.

“இவள் வலையைத் தாண்டியிருக்கிறாள். தாலி இழந்தவள் தார் தோய்க்கிற இடத்தில நிண்டதே பிழை. கிடுகைப் பிச்சு உள்ளுக்குப் போனவள் தாண்டாமலோ வந்தவள்? அம்மன் காட்டிப்போட்டா.”

அந்தக் கரையில் கொலையைக்கூட மன்னிப்பார்கள் போலிருக்கும், வலையைத் தாண்டுவதை மன்னிக்க மாட்டார்கள். தவழுகிற பிள்ளை வலைப் பக்கம் போனாலே தூக்கி இந்தப் பக்கம் விடுவார்கள். வலையைத் தாண்டினவனோடு ஒருவரும் வள்ளம் ஏறுவதில்லை. ஆகவே ஆண்கள் எல்லாரும் தங்கேஸ்வரியின் காலைப் பார்த்தார்கள். அவளுக்கு ஆத்திரம் வந்தது. நான் தாண்டவில்லை என்று சொன்னால் அந்தக் கேள்விக்கு மரியாதை கொடுத்தது போலாகிவிடும். வீட்டுக்குப் போய்க் குசினிக்குள் இருந்தாள்.

பின்னேரம் நிலாவெளிப் பக்கமிருந்து ஒரு லொறி வந்தது. அதிலிருந்து புது வலையொன்றை இறக்கினார்கள். இடக்கைக்கு அளவெடுத்துப் பின்னினது. தார் தோய்த்து, கையில் ஒட்டாமல் நன்றாகக் காய்ந்தது. விடிந்தால் பாலசிங்கம் இரண்டு கையும் தன்னுடையதாகப் பொருத்தி முதல் வலை விடப்போகிறார் என்று ஊர் கதைத்தது. தங்கேஸ்வரி போய் அந்த வலையைத் தொட்டுப் பார்த்தாள். ஒரு கையைப் பின்ன மாதக்கணக்காகும். காய எத்தனை நாள் செல்லும் என்பதும் அவளுக்குத் தெரியும். தன்னுடைய வலை நனையுமுன்பே இந்த வலை கேட்டுப் பின்னுவிக்கப்பட்டிருக்கிறது. அதுவரை அவர் கவனமில்லாத மனிதரோ கெட்ட மனிதரோ என்று ஒரு சந்தேகம் அவளுக்குள் இருந்தது. அது அந்த இடத்திலேயே தீர்ந்தது. கோபமும் அதோடு தெளிந்துவிட்டது.

கிழக்கு வெளுக்கிற நேரத்தில் அவளும், கருவாடு போடுகிற பெண்கள் சிலரும் கருகிய வலையை இழுத்துக்கொண்டு வந்தார்கள். ஏன் என்று அவர்கள் கேட்கவில்லை. அவர்களில் பாதிப் பேருக்கு ஒரு காலத்தில் கரைவலையில் சொந்தமாக ஒரு கை இருந்தது. வள்ளம் நின்ற இடத்தைச் சுற்றி வலையை விரித்தாள். ஒரு நுனி கடலுக்குள், மறுநுனியும் கடலுக்குள், நடுவில் வள்ளம். விரித்துவிட்டு மேல்கயிற்றைப் பிடித்துக்கொண்டு மணலில் உட்கார்ந்தாள்.

ஆட்கள் வந்தார்கள். வந்தவர்கள் வலை ஓரத்தில் நின்றார்கள். பிறகு பாலசிங்கம் வந்தார். முதல் வலைக்கென்று உடுத்த புது வேட்டி.

“எடு தங்கேசு. இந்தக் கரைப் பாடு எங்கட. வெயில் ஏற முந்தி வலை வைக்கோணும்.”

அவள் எடுக்கவில்லை. என்னுடைய இடக்கை, காய விரித்திருக்கிறேன், கொடியும் இறங்கிவிட்டது என்று சாதாரணமாகச் சொன்னாள்.

“இது வலையில்லை. கரி.”

“கரியெண்டா தாண்டுங்கோ, மச்சான்.”

அவர் அந்தக் கணத்தில் நின்று யோசித்திருந்தால் இந்தக் கதை வேறு மாதிரிப் போயிருக்கும். ஆனால் ஆட்கள் பார்த்துக்கொண்டு நிற்கும்போது ஒரு பெண்பிள்ளை சவால் விட்டால் யோசிக்கிற மனிதரல்ல அவர். வேட்டியைத் தூக்கிக்கொண்டு, தார் படாமல், ஒரே எட்டில் தாண்டி உள்ளே போனார். போய் வள்ளத்தின் முன்பக்க அணியத்தில் கையை வைத்துத் தள்ளுங்கள் என்றார்.

ஒருவரும் வரவில்லை. தம்பு மணலில் குந்தினான். அவனைப் பார்த்து மற்றவர்களும் குந்தினார்கள். தம்புதான் பேசினான்.

“சம்மாட்டியார், கோபத்தில ஒருக்காத் தாண்டினதை நாங்கள் காணேல்லையெண்டு வைப்பம். திரும்பவும் தாண்டி வந்தீங்களெண்டா, இண்டைக்கில்லை, எண்டைக்கும் உங்கட கயிற்றில கை வைக்க மாட்டம்.”

பாலசிங்கம் திரும்பிப் பார்த்தார். மூன்று பக்கமும் வலை, நாலாவது பக்கம் கடல். தண்ணீருக்குள் இறங்கி நுனியைச் சுற்றி வரலாம். ஊர் முழுக்கப் பார்க்க, புது வேட்டியோடு, வலைக்குத் தப்புகிற மீன் மாதிரி. அதற்கு அவருக்கு மனம் வரவில்லை. வெயில் ஏறியது. அடுத்த கரைப் பாட்டில் நின்றவர்கள் வலை வைத்தார்கள். தூரத்தில் தண்ணீர் கறுத்து ஒரு கூட்டம் மீன் நகர்ந்து அவர்களுடைய பக்கம் போனது. எல்லாரும் அதைப் பார்த்தார்கள். அவரும் பார்த்தார்.

முதலில் அதட்டினார். பிறகு தம்பியின் பெயரைச் சொல்லி நயந்தார். செத்துப்போனவனின் பெயரை அந்த வாயிலிருந்து கேட்டபோது தங்கேஸ்வரிக்கு எழும்பிப் போய் அந்த வாயில் மணலை அள்ளிப் போட வேண்டும் போலிருந்தது. கயிற்றை இறுக்கிப் பிடித்துக்கொண்டு இருந்துவிட்டாள்.

கடைசியில் அவர் வலையடிக்கு வந்து, குரலைத் தாழ்த்தி, அவளுக்கு என்ன வேண்டும் என்று கேட்டார்.

“நிலாவெளியில இருந்து வந்த கை ஆருடையது?”

அவர் ஆட்களைப் பார்த்தார். ஆட்கள் அவரைப் பார்த்தார்கள்.

“உன்ர.”

“தம்பு அண்ணைக்குக் கேக்கேல்லை.”

“இடக்கை தங்கேசுவின்ர,” என்றார் அவர். இந்த முறை கருவாட்டுப் பாய்கள் வரைக்கும் கேட்டது.

“அப்ப சரி. தாண்ட வேண்டாம். கீழால வாங்கோ.”

அவள் எழுந்து மேல்கயிற்றையும் கீழ்க்கயிற்றையும் சேர்த்துத் தூக்கிப் பிடித்தாள். காயாத தார் இன்னமும் அங்கங்கே பிசுபிசுத்தது. பாலசிங்கம் கயிறு இன்னும் உயரும் என்று கொஞ்ச நேரம் காத்து நின்றார். அவள் தன் இடுப்புக்கு மேலே ஓர் அங்குலமும் உயர்த்தவில்லை.