இருபதாம் மாடிக்கு வந்த வெளிச்சக்காரி

ஊரில் எது நடந்தாலும் அதில் என் பெயர் முதலில் இருக்க வேண்டும். இதை நான் குணம் என்பேன். என் மனைவி ஜெயஸ்ரீ வியாதி என்பாள். நாவலூரில் எங்கள் அப்பா நெல் போட்ட நிலத்தில்தான் இந்த இருபது மாடிக் குடியிருப்பு நிற்கிறது. நிலத்துக்கு ஈடாக நான்கு ஃபிளாட் வந்தது. கூடவே சங்கச் செயலாளர் பதவியும் என்னிடம் ஒட்டிக்கொண்டது. அப்படிப்பட்ட சம்பத், வானத்தில் வெளிச்சக்காரி வந்த வாரம் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பேனா?

திங்கட்கிழமை மாலை ஏழரைக்கு, தாம்பரம் ரயில் நிலையத்துக்கு மேலேதான் அவளை முதலில் பார்த்தார்கள். மாடியில் காயப்போட்ட சேலை காற்றில் எழும்பி எழும்பி அடங்குமே, அப்படி ஒரு பச்சை வெளிச்சம். பிளாட்பாரத்துக் கூட்டம் செங்கல்பட்டு வண்டியை விட்டுவிட்டு அண்ணாந்து நின்றது. அவள் தெரிகிற வரைக்கும் செல்போன் வேலை செய்யாது. கருவிகளோடு வந்த விஞ்ஞானிகள் தலையைச் சொறிந்துவிட்டுப் போனார்கள். வெளிச்சக்காரி என்று யார் பெயர் வைத்தார்களோ, அதுவே நிலைத்துவிட்டது.

மறுநாள் சேலையூரில் கரண்ட் போனது. அவள் தென்னை உயரத்துக்கு இறங்கி வந்துவிட்டாள். அவள் வெளிச்சம் மேலே பட்டவர்களுக்கு உடம்பெல்லாம் புல்லரித்ததாம். வருஷக்கணக்கில் இருந்த களைப்பு கழன்று விழுந்ததாம். விளக்கைக் கண்டால் விலகுவாள், இருட்டென்றால் வருவாள் என்று ஊருக்கே புரிந்துவிட்டது. புதன்கிழமை பல்லாவரம் விளக்கணைத்தது. வியாழன் மேடவாக்கம். நாவலூர் மட்டும் என்ன இளப்பமா?

வெள்ளிக்கிழமை எட்டு மணிக்கு ஒரு விளக்கும் எரியக் கூடாது என்று வீடு வீடாகச் சொன்னேன். பக்கத்துக் குடியிருப்புகளை மடக்கினேன். ஐ.டி. கம்பெனிக்காரர்களிடம் கெஞ்சினேன். கடைசியில் எங்கள் தண்ணீர்த் தொட்டியின் உச்சியில் இரவெல்லாம் எரிகிற சிவப்பு விளக்குதான் பாக்கி. அது விமானங்களுக்காக வைத்தது, அணைக்கக் கூடாது. அதுதான் வெளிச்சக்காரி வந்த நான்கு நாளாக இரவில் விமானமே பறப்பதில்லையே என்று எனக்கு நானே சட்டம் பேசிக்கொண்டு அணைத்தேன். வேறு யாரும் போட்டுவிடாதபடி ஸ்விட்ச் பெட்டியைப் பூட்டிச் சாவியைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டேன்.

மொட்டை மாடியில் முந்நூறு பேர். அங்காளம்மாவும் வந்திருந்தாள். கோவளம் பக்கத்துக் குப்பத்திலிருந்து பன்னிரண்டு வருஷமாக எங்களுக்கு மீன் கொண்டுவருகிறவள். இருந்து பார்த்துவிட்டுப் போ என்று ஜெயஸ்ரீதான் நிறுத்திவைத்தாள்.

எட்டு மணி. பழைய மகாபலிபுரம் சாலை முழுக்க அணைந்தது. என் ஊரை அவ்வளவு இருட்டாக நான் சின்ன வயதில்கூடப் பார்த்ததில்லை. மேற்கே மெல்ல ஒரு பச்சை கசிந்தது. பிறகு வந்தாள். வந்தாள் என்றால் அப்படி ஒரு வரத்து! வானம் முழுவதையும் அடைத்துக்கொண்டு, மடிப்பு மடிப்பாக, சத்தமே இல்லாமல் இறங்கினாள். குழந்தைகள் கையைத் தூக்கின. பெரியவர்களும் தூக்கினோம். என் விரலுக்கும் அந்த வெளிச்சத்துக்கும் ஒரு முழம்தான் இருக்கும்.

யாரோ என் முழங்கையைப் பிடித்தார்கள். அங்காளம்மா. அவள் மேலே பார்க்கவில்லை, தண்ணீர்த் தொட்டியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சார், இங்க எரியுமே செவப்பு லைட்டு, அது எங்க சார்?"

அணைத்திருக்கிறேன் என்றேன், பெருமையோடு.

"எங்க குப்பத்துக்கு எதிர்ல கடலுக்குள்ள பாறை கீது சார். எங்க கோயில் லைட்டும் உங்க செவப்பு லைட்டும் ஒண்ணுக்கு மேல ஒண்ணு நின்னாதான் வழி. அத்த பாத்துதான் எங்க வூட்டுக்காரரு போட்ட உள்ள வுடுவாரு. இப்ப வர்ற நேரம் சார்."

அவள் கணவன் துரை இன்னும் மூன்று பேரோடு மதியம் மூன்று மணிக்கு வலை எடுத்துக்கொண்டு படகில் கடலுக்குப் போனவன். போனில் மேப் இருக்குமே என்று சொல்ல வாயெடுத்தேன். என் கையில் இருந்த போனே செத்துக் கிடந்தது.

வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன். அப்போதும் நான் அண்ணாந்துதான் பார்த்தேன். ஒரு முழம் அரை முழமாகியிருந்தது. ரெண்டே நிமிஷம் அங்காளம்மா, என்றேன்.

"ரெண்டு நிமிஷத்துல போட்டு பாறைல ஏறிடும் சார்."

கத்தவில்லை, சாதாரணமாகத்தான் சொன்னாள். கூட்டத்தை இடித்துக்கொண்டு ஓடினேன், இரும்பு ஏணியில் ஏறினேன். அவசரத்தில் சாவி கைதவறித் தொட்டி மேல் விழுந்தது. மண்டியிட்டுத் துழாவினேன். நல்லவேளை, அந்தப் பச்சை வெளிச்சத்திலேயே சாவி பளிச்சென்று தெரிந்தது. பெட்டியைத் திறந்து ஸ்விட்சைத் தட்டினேன்.

சிவப்பு எரிந்தது. வெளிச்சக்காரி உதறிக்கொண்டு எழுந்தாள். மூச்சு விடுகிற நேரத்தில் வானம் வெறும் கறுப்பாகிவிட்டது. ஒருவரையும் தொடவில்லை.

முந்நூறு பேரும் கீழிருந்து என்னைத் திட்டினார்கள். பதினான்காம் மாடிக் கதிரேசன், அணைத்தால் திரும்பி வருவாள் என்று ஏணியைப் பிடித்தார். அங்காளம்மா முந்திப்போய் ஏணியின் கீழ்ப்படியில் உட்கார்ந்துகொண்டாள். நான் மேலிருந்தபடியே பாறையையும் படகையும் பற்றிச் சொன்னேன். கதிரேசன் கையை எடுத்துவிட்டார். எல்லோரும் கிழக்கே திரும்பி நின்றோம். அங்கே ஒன்றும் தெரியவில்லை, இருட்டுதான்.

போன்களுக்கு உயிர் வந்திருந்தது. அங்காளம்மா துரையைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தாள். எடுக்கவில்லை. ஐந்து நிமிடம், பத்து நிமிடம். ஜெயஸ்ரீ அவள் பக்கத்தில் போய்ப் படியில் உட்கார்ந்து கையைப் பிடித்துக்கொண்டாள். நான் கீழே இறங்கி நின்றேன். யார் முகத்தையும் பார்க்க முடியவில்லை. ஒன்று ஆகிவிட்டால் இந்த ஊரில் எப்படித் தலைகாட்டுவேன் என்றுகூட நினைக்கவில்லை. வந்துவிடு துரை, வந்துவிடு என்றுதான் ஓடிக்கொண்டிருந்தது.

இருபத்திரண்டாவது நிமிடம் அங்காளம்மாவின் போன் அடித்தது. ஜெயஸ்ரீதான் அதை எடுத்து எல்லோருக்கும் கேட்கும்படி வைத்தாள்.

"கரைக்கு வந்துட்டோம்மே," என்றது துரையின் குரல், மூச்சிரைக்க. "அந்த செவப்பு லைட்டு காணாமப் பூடுச்சி. பாறைக்கு நேரா போய்கினு இருந்தோம். எவனோ புண்ணியவான் கரெக்டா போட்டான். திருப்பிட்டோம். யாருன்னு கேட்டு வை, நாளிக்கு வஞ்சிரம் குடுக்கணும்."

மாடியே ஓவென்று கைதட்டியது. கதிரேசன் என்னைக் கட்டிக்கொண்டார். முந்நூறு பேரும் என்னைப் பார்த்தார்கள். வழக்கமாக இப்படி ஒரு தருணத்துக்காகத்தான் நான் உயிரோடு இருப்பது. ஆனால் அன்று நான் கூட்டத்துக்குப் பின்னால் நகரப் பார்த்தேன்.

அங்காளம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு போனைக் கையில் வாங்கினாள்.

"போட்டவரு இங்கதான் நிக்கிறாரு," என்றாள். "அணைச்சவரும் அவருதான். பாதி மீனு குடுத்தா போதும்."